குசினிக் கதவு

பம்பலப்பிட்டியில், கடலுக்கு இறங்கும் ஒழுங்கையில்,
டயர்க் கடைக்கு மேல்மாடி.
வியாழக்கிழமை ஏழரைக்குத் திறப்போம்.
கதிரை நாற்பத்திரண்டு, அதில் மூன்று ஆடும்.
சீட்டோடு ஒரு பானம் சும்மா;
போயா என்றால் இஞ்சிப் பிளேன்ரீ.

பகலில் நான் காப்புறுதிக் கம்பனியில்
வெள்ளத்தில் மூழ்கின கார்களுக்குப் பெறுமதி எழுதுகிறவள்.
இரவில் பச்சை சாட்டின், ஒற்றைக் கையுறை.
மற்றதை 155ஆம் நம்பர் பஸ்ஸில் தொலைத்துவிட்டேன்.
சனம் அதை ஸ்டைல் என்று எடுத்துக்கொண்டது.

பிரெஞ்சை ஒற்றை றூல் கொப்பியில்
தமிழில் எழுதித்தான் பாடமாக்குவேன்.
தொண்டைக்குள் காறுகிற அந்த ரகரத்துக்கு
எங்களிடம் எழுத்தில்லை.
ஆய்தத்தைப் போட்டேன்.
பள்ளிக்கூடம் விட்ட பிறகு
அந்த மூன்று புள்ளிக்கும் என் கையால் கிடைத்த
முதல் உத்தியோகம்.

அமிர்தசீலன் பாரிசில் ஒன்பது வருசம் கோப்பை கழுவினவர்,
ஆட்டமும் பாட்டுமாய் இருந்த ஒரு மண்டபத்தின் பின்பக்கம்.
குசினி என்ற சொல்லை மட்டும்
அங்கே போய்ப் படிக்க வேண்டியிருக்கவில்லை என்பார்.
குசினிக்கும் மேடைக்கும் நடுவில்
இரண்டு பக்கமும் ஆடுகிற கதவு.
தட்டோடு யாராவது வந்தால் திறக்கும்:
ஒரு முழங்கால், பறக்கிற இறகு, பாட்டில் நாலு வரி.
மூடும்.
சவர்க்கார நுரை.
திறக்கும்:
தொப்பிக்காரன் ஏதோ சொல்லி முடித்துவிட்டான்,
எல்லாரும் சிரிக்கிறார்கள்.
எதற்கென்று இன்றுவரை தெரியாது.

நாடு கடத்தினபோது ஏழு கிலோப் பை ஒன்று.
கட்டுநாயக்காவில் மூன்று மணித்தியாலம் கேட்டார்களாம்,
என்ன கொண்டுவந்தாய், என்ன கொண்டுவந்தாய்.
ஒன்றுமில்லை என்றாராம்.

ஆகவே எங்கள் நிகழ்ச்சியில் ஓட்டைகள்.
லயனல் மாத்தயா புறாவைப் பெட்டிக்குள் மறைப்பார்.
அது எப்படித் திரும்பி வருமென்று
கதவு காட்டவில்லை.
வராது.
வாரம் ஒரு புறா வாங்குகிறோம்,
கீழே டயர்க்காரர் எச்சத்துக்கு முறைப்பாடு வைக்கிறார்.
தொப்பி போட்டுக்கொண்டு ரெஜி
பகிடியின் கடைசி வசனத்தை மட்டும் சொல்லுவார்.
சனம் சிரிக்கும், ஏனென்று கேட்காமல்.
என் பாட்டின் இரண்டாம் சரணம் பாதியில் அறும்;
அக்கோர்டியனின் மூச்சை ரெஜி அடக்க,
உருத்திரா ட்ரம்மை விட்டுவிட்டு
இரண்டு பீங்கான் கோப்பைகளைத் தட்டுவான்.
எட்டு எண்ணிக்கை.
பிறகு, நடுவரியிலிருந்து நான்.

ஐப்பசி மழையில் ஒருத்தி வந்தாள்,
எழுபது இருக்கும், நனைந்த சப்பாத்தைக் கையில் பிடித்தபடி.
ஆடுகிற கதிரையில் ஆடாமல் இருந்தாள்.
முடிந்ததும் மேக்கப் அறைக்கு ஏறிவந்து,
ஊரில் தானும் வரிசையில் நின்று கால் தூக்கினவள்தான் என்று
காலைத் தட்டிக் காட்டினாள்.
விடுபட்ட சரணத்தை
பில்லின் பின்பக்கத்தில் முழுசாய் எழுதிக் கொடுத்தாள்.

அமிர்தசீலன் இரண்டு தரம் வாசித்தார்.
உதடு அசைந்தது.
மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தார்.

அடுத்த வியாழன் கேட்டேன்:
பாடவா அதை?

"நல்ல சரணம், பிள்ளை.
ஆனால் அந்த நேரம் நான் கழுவிக்கொண்டிருந்தேன்."

அவ்வளவுதான்.
அன்றைக்கும் பாட்டு அறுந்தது, கோப்பைகள் தட்டின.
ஐந்தோ ஆறோ எண்ணும்போது பார்த்தேன்:
கடைசிச் சுவரோடு நின்று
வேட்டித் தலைப்பில் கை துடைத்துக்கொண்டிருந்தார்,
ஈரமே இல்லாத கையை.

பிறகு கன்-கன்.
நூர்தீன் மாஸ்டர் புறக்கோட்டையில் தைத்த பாவாடை,
ஓரத்துக்கு மட்டும் பதினாறு யார்.
ஒன்பது ஐந்துக் கரையோர ரயிலுக்கு
யன்னல்கள் கடகடக்கும்;
அந்தச் சத்தத்தில் கால் இறங்க வேண்டும், அதுதான் கணக்கு.
ரயில் பிந்தியது.
ஷிஹாரா ஜுமாத் தூக்கின காலோடு நின்றாள்,
நாற்பத்திரண்டு கதிரையும் மூச்சுவிடாமல்,
வெள்ளவத்தைப் பக்கம்
காதை வைத்துக்கொண்டு.